ஒரு வாயும் இறங்காத பிள்ளை

அதிகாரி வத்சலா கேள்வித்தாள்களை அங்கன்வாடி மேசையில் போட்டார். “பிள்ளை நல்லா சாப்பிடுதான்னு கேட்டா, நாற்பது தாய்மாரும் இல்லைங்கிறாங்க. என்னத்தைச் சமைக்கிறே? நாளையிலேருந்து வராதே.”

சமையல் உதவியாளர் மாரிக்கனி வாசலைப் பார்த்தாள். ஜீப்பில் அதிகாரியின் மகன் மூன்றாவது வாழைப்பழத்தை உரித்துக்கொண்டிருந்தான்.

“தம்பி நல்லா சாப்பிடுமா மேடம்?”

“எங்கே, ஒரு வாயும் இறங்காது.”

“கண்ணுபட்டிரும்னு எந்தத் தாயும் இப்படித்தான் சொல்லுவா. பிள்ளை நேத்து என்னென்ன சாப்பிட்டுச்சுன்னு அவங்ககிட்ட கேளுங்க.”

வத்சலா பழைய கேள்வியை அடித்துவிட்டு அதை எழுதினார். மறுநாள் முப்பத்தெட்டுத் தாள்களில் இட்லியும் பருப்புச்சோறும் மீனுமாக இருந்தது. வெறும் கஞ்சி என்றிருந்த இரண்டை அவர் மாரிக்கனியைத் திரும்ப வரவழைத்து நீட்டினார்.

“இந்த ரெண்டு பிள்ளைக்கும் இனி தினம் முட்டை கொடு, மாரிக்கனி.”

“தம்பிக்கும் ஒண்ணு அவிக்கட்டா மேடம்? பாவம், ஒரு வாயும் இறங்கலையே.”