குயில் கேட்காத நாலு வரி

நாவல்காட்டுக் குளக்கரையில் துடுக்கன் என்றொரு அணில் இருந்தது. அதற்குப் பாட வராது. ஆனால் வாலை ஆட்டி, கிளையைத் தட்டி, மூச்சுவிடாமல் படபடவென்று ராப் சொல்லும். கண்ணில் பட்டதெல்லாம் அந்த நிமிஷமே பாட்டாகிவிடும்!

பக்கத்துக் கிளையில் கானமணி என்ற குயில். குரல் என்றால் குரல், அப்படியொரு குரல்! இருந்தும் கச்சேரிக்கு ஆமை மட்டுமே வரும். அதுவும் வந்ததும் தூங்கிவிடும்.

"மாமா, நீ பாடு. நடுநடுவே நான் புகுந்து நாலு வரி சொல்றேன். கூட்டம் அள்ளும் பாரு!" என்றது துடுக்கன்.

அள்ளத்தான் செய்தது. முயல், மான், தவளை எல்லாம் வந்து குவிந்தன. ஆனால் கைதட்டல் முழுக்க அணிலின் வரிகளுக்கே! குயிலுக்கு வயிறு எரிந்தது.

"எனக்கு உன் தாளம் போதும். உன் வெட்டிப் பேச்சை இனிமேல் காதிலேயே வாங்கமாட்டேன்!"

"சேர்ந்து பாடுறோம். நான் என்ன சொல்றேன்னுகூடவா கேட்கமாட்டே?"

"மாட்டேன்னா மாட்டேன்!"

துடுக்கனுக்கு மனசு நொந்துபோனது. அன்றிலிருந்து அது வாயைத் திறந்தாலே குயில் கண்ணை மூடிக்கொண்டு தனக்குத்தானே முனகத் தொடங்கிவிடும்.

ஒரு சாயங்காலம், கச்சேரி களைகட்டிய நேரம். குயிலின் முதுகுக்குப் பின்னால், இலை மறைவில், ஒரு காட்டுப்பூனை பதுங்கிப் பதுங்கி வந்தது. அதைப் பார்த்ததும் துடுக்கன் கத்தி எச்சரிக்க வாயைத் திறந்தது. ஆனால் பழக்கதோஷம் விடுமா? பயத்திலும் ராப்தான் வந்தது!

"பின்னால பாரு, பின்னால பாரு!
பூனை வருது மாமா பாரு!
காலு நாலு, நகமோ கூரு,
கண்ணை மூடினா நீ அதுக்குச் சோறு!"

"அட, புதுப் பாட்டு! இன்னொரு தடவை!" என்று கூட்டம் குதித்தது. கைதட்டலைக் கேட்ட குயில் கண்ணை இன்னும் இறுக்கி மூடிக்கொண்டது.

துடுக்கன் மறுபடி சொன்னது. மறுபடியும் சொன்னது. பூனை பாயத் தயாராக முதுகை வளைத்தது. ஐயோ, இந்த மடையன் சாகப்போகிறானே!

அப்போது துடுக்கன் பிறந்ததிலிருந்து செய்யாத ஒரு காரியத்தைச் செய்தது. சட்டென்று வாயை மூடிக்கொண்டது. தாளமும் நின்றது.

"தாளத்தை ஏன்டா விட்டே?" என்று குயில் சீறிக்கொண்டு கண்ணைத் திறந்தது. திரும்பினால், மூக்குக்கு நேரே மீசை! விருட்டென்று பறந்தது. பூனையின் நகத்தில் சிக்கியது ஒரு வால் இறகுதான். பாய்ந்த பூனை குளத்தில் தொபுக்கென்று விழுந்தது.

திரும்பி வந்து கிளையில் உட்கார்ந்ததும் குயில் கேட்டது: "டேய், முதல்லயே சொல்லக்கூடாதா?"

"மூணு தடவை சொன்னேன் மாமா! ஊரே கேட்டுச்சு. நீதான் கேட்கல!"

குயில் வெட்கித் தலைகுனிந்தது.

கூடப் பாடுகிறவன் சொல்லுக்குக் காது கொடுக்காதவனை, எவ்வளவு இனிமையானதானாலும் அவன் சொந்தக் குரல் காப்பாற்றாது.