இஸ்ரவேல் அணைக்காத ஹீட்டர்

“அதைத் தனியா அனுப்பத்தான் வேணுமா மேடம்?” என்று கேட்டார் இஸ்ரவேல்.

வானத்தைச் சூட்டை வைத்தே படம் எடுக்கும் அகச்சிவப்பு விண்வெளித் தொலைநோக்கியைக் குளிர் அறையில் வைத்துச் சோதிப்பது அவர் வேலை. வயது ஐம்பத்து நான்கு. அவருக்கு வேலை கற்றுத்தரும் மெஹருன்னிசாவுக்கு முப்பத்தாறு.

“பதினஞ்சு லட்சம் கிலோமீட்டர். வெயிலே படாம, குளிர்ல. கெட்டுப்போனாக்கூடப் போய்ப் பார்க்க ஆள் கிடையாது. எதுக்கு இப்படி?”

“உள்ளே ஹீட்டரைப் போட்டு வச்சது நீங்கதானா?”

அவர் தலை குனிந்தார்.

“அணைக்க மனசு வரல. பாவமா இருந்துச்சு.”

இயந்திரத்துக்குப் போய் யாராவது பாவம் பார்ப்பார்களா? இவர் பார்த்தார். அந்தச் சூட்டில் தொலைநோக்கி எடுத்த சோதனைப் படம் முழுக்க வெள்ளையாக மூடிப்போனது. நாளை கடைசிச் சோதனை. அதுவும் கெட்டால் ஒன்பது வருட உழைப்பு கிடங்குக்குப் போய்விடும்.

மெஹருன்னிசா திட்டவில்லை. இஸ்ரவேலின் மனைவி எஸ்தர் இறந்து எட்டு மாதம் ஆகிறது. வேலை முடிந்தும் வீட்டுக்குப் போகப் பயந்து அவர் இங்கேயே சுற்றிக்கொண்டிருப்பதை எல்லோரும் பார்க்கிறார்கள்.

மெஹருன்னிசா தன் நாற்காலியிலிருந்து எழுந்தார். ஜன்னல்களைச் சாத்தி விளக்கை அணைத்தார். சூட்டை மட்டும் பார்க்கும் கேமராவை அந்த நாற்காலிப் பக்கம் திருப்பினார்.

“நாற்காலிகிட்டப் போய் நில்லுங்க. திரையில என்ன தெரியுது?”

“நான்தான். வெள்ளையாத் தெரியுறேன்.”

“வேற?”

“ஒண்ணுமில்ல. ஒரே இருட்டு.”

“இப்ப இந்தப் பக்கம் வந்துடுங்க.”

வந்தார்.

திரை இருண்டது. பிறகு, மங்கலாக, நாற்காலி மேல் ஏதோ தெரிந்தது. ஒருவர் உட்கார்ந்திருந்த சூட்டின் தடம்.

“ஆள்தான் இல்லையே” என்றார் இஸ்ரவேல். “எழுந்து போனப்புறமுமா தெரியும்?”

“பக்கத்துல சூடா எதுவும் இல்லேன்னா தெரியும்.”

“எவ்வளவு நேரம்?”

“இங்க நாலஞ்சு நிமிஷம். வானத்துல, ஆயிரத்து முந்நூறு கோடி வருஷத்துக்கு முன்னாடி கிளம்பின வெளிச்சம் இன்னும் வந்துட்டிருக்கு. அதைப் பார்க்கத்தான் இது தனியாப் போகுது.”

அவர் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார். அந்த அறையில் அவ்வளவு தனியாக யாரும் நின்றதில்லை.

“நாளைக்கு வேற ஆளைப் போடட்டுமா சார்?”

“வேண்டாம் மேடம். ஹீட்டரை நானே அணைச்சுடுறேன்.”

மெஹருன்னிசா விளக்கைப் போடப் போனார்.

“அதை மட்டும் இப்பப் போடாதீங்க” என்றார் இஸ்ரவேல். “இன்னும் தெரியுது.”