மந்திரி கையில் இருந்த இரண்டு சோழிகள்

இந்தக் கதையை எனக்கு முதலில் சொன்னவர் என் பெரிய ஓரகத்தி சௌந்தரவல்லி. என் நடுப்பிள்ளை அம்மை போட்டு வேப்பிலைக்கு நடுவில் கிடந்த வருஷம், பங்குனி மாதம். பிள்ளைக்கு விசிறிக்கொண்டே சொன்னார். மாரியம்மா காப்பாற்றினாள், பிள்ளை பிழைத்தான். கதை என்னோடு தங்கிவிட்டது.

வெகு காலத்துக்கு முன்னே, மருதவனம் என்கிற நாட்டைச் சேந்தவர்மர் என்று ஓர் அரசர் ஆண்டுவந்தார். கெட்டவர் இல்லை. ஆனால் நினைத்தது நினைத்த நேரத்தில் நடக்க வேண்டும் அவருக்கு. ஓர் ஆடி மாதம், ஆறு இரு கரையும் புரள ஓடுகிறது. அரசருக்கு அக்கரைத் தோட்டத்து நாவல்பழம் தின்ன ஆசை வந்துவிட்டது. ஓடக்காரன் சடையன் கும்பிட்டு, தண்ணீர் இறங்கட்டும் சாமி, இன்றைக்கு ஓடத்தை அவிழ்க்க முடியாது என்றான். பக்கத்தில் நின்ற கோதண்டர் என்கிற சபைப் பெரியவர், மகாராஜா ஆணைக்கு ஆறே அடங்கும், இவன் அடங்க மாட்டானாம் என்று சிரித்தார். அரசருக்கு ரோஷம் வந்துவிட்டது. இந்த நாட்டில் போக ஆளே இல்லையா என்று கேட்டார்.

அவருக்கு ஒரே மகன். அந்தப் பிள்ளை எழுந்தான். "அப்பா ஆசைப்பட்டுக் கேட்கிறார், நான் போய் வருகிறேன்" என்று சொல்லி ஓடத்தில் ஏறினான். அவனைத் தனியே விட மனமில்லாமல் சடையனும் ஏறினான். நடு ஆற்றில் ஓடம் கவிழ்ந்தது. சடையன் ஒரு மரத்துண்டைப் பிடித்துக் கரை சேர்ந்தான். பிள்ளை சேரவில்லை.

அதற்கப்புறம் அரண்மனையில் அடுப்பு எரிந்தது, யாருக்கும் சோறு இறங்கவில்லை. அரசர் எவர் முகத்தையும் பார்ப்பதில்லை. மந்திரி பொன்னம்பலவாணர் மட்டும் தினமும் போய், ஒன்றும் பேசாமல் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டு வருவார். அந்த நெருக்கம் கோதண்டருக்குப் பொறுக்கவில்லை. தானும் அரசருக்கு வேண்டியவராக வேண்டுமே என்று தூரதேசத்து வியாபாரியிடம் ஒரு பலகை வாங்கிவந்தார்.

பார்க்கப் பல்லாங்குழி மாதிரியேதான் இருக்கும். நடந்ததைச் சொல்லிக்கொண்டே, எதனால் எது நடந்ததோ அதற்கு ஒரு சோழி வீதம் குழியில் போட வேண்டும். ஒரு சோழியை எடுத்து வேறு குழியில் போட்டால் கதையின் காரணம் மாறிவிடும். ஊர் முழுக்க அப்படித்தான் நடந்தது என்று நினைத்துக்கொள்ளும். சோழியைத் தொட்ட ஆளுக்கு மட்டும் பழசு நினைவிருக்கும்.

அன்று சமையல்காரர் தூங்கிப்போனதால் கஞ்சி தாமதமாக வந்திருந்தது. கோதண்டர் பலகையைக் காட்ட, அரசரின் விரலையும் சேர்த்துவைத்துச் சோழியை நகர்த்தி, விறகு ஈரம் என்று வைத்தார். உடனே மடைப்பள்ளி ஆட்கள் அத்தனை பேரும் புகை புகை என்று கண்ணைக் கசக்கிக்கொண்டு வந்தார்கள். சோழியைத் திருப்பி வைத்ததும், தூங்கிவிட்டேன் மகாராஜா என்று சமையல்காரர் காலில் விழுந்தார்.

கோதண்டர் அரசர் காதோடு சொன்னார்: "உங்கள் சோழியை எடுத்து ஓடக்காரன் குழியில் போட்டுவிடலாம். குடித்துவிட்டு ஓட்டினான் என்றாகிவிடும். அதற்குப் பிறகு நீங்களே உங்களைக் குறை சொல்லிக்கொள்ள மாட்டீர்கள்."

அரசர் சரி என்று தலையை அசைத்தார்.

மறுநாள் சடையனைக் கட்டி இழுத்துவந்தார்கள். சோழி நகர்ந்ததும் அவனை ஏற்ற, வெளியே தூக்குமரம் தயார். மந்திரி நினைத்துப் பார்த்தார். உயிர் போவது மட்டுமா? தான்தான் பிள்ளையைக் கொன்றோம் என்று நம்பிக்கொண்டே சடையன் சாவான். அவன் பெண்டாட்டியும் அப்படியே நம்புவாள்.

சோழியை நானே நகர்த்துகிறேன் என்று மந்திரி முன்னால் வந்தார்.

"நகர்த்தட்டும் மகாராஜா. வீட்டில் பெண்களோடு உட்கார்ந்து பல்லாங்குழி ஆடுகிற கைதானே" என்றார் கோதண்டர். சபை சிரித்தது.

மந்திரி கதையைச் சொல்லிச் சொல்லிச் சோழி போட்டார். அரசர் கேட்டது ஒரு குழி. பிள்ளை அப்பாவுக்காகப் போனது அதற்கு அடுத்த குழி. பிறகு அரசரின் சோழியை எடுத்தார். குழி காலியானது. பல்லாங்குழியில் செய்கிற மாதிரியே அந்த வெறுங்குழியை விரலால் துடைத்து, அடுத்த குழியில் இருந்ததையும் அள்ளிக்கொண்டார்.

அரசர் முகம் சட்டென்று தெளிந்தது. இத்தனை நாள் கழித்து நிமிர்ந்து உட்கார்ந்தார். பிறகு எதையோ தேடுகிற மாதிரி விழித்தார்.

"பொன்னம்பலம், என் மகன் ஓடத்தில் ஏறும்போது என்னவோ சொன்னானே. என்ன சொன்னான்?"

"ஒன்றும் சொல்லவில்லையே மகாராஜா. யாரையும் கேட்காமல் அவராகத்தானே போனார்" என்றார் கோதண்டர். சபையும் ஆமாம் என்றது.

"இல்லை. ஏதோ சொன்னான். என்னைப் பார்த்துச் சொன்னான்."

மந்திரி மூடிய கையை நீட்டினார். "நீங்கள் கேட்கவில்லை என்றால், அவர் உங்களுக்காகப் போகவும் இல்லை மகாராஜா. அந்த வெறுங்குழி பக்கத்துக் குழியையும் கொண்டுபோய்விட்டது. என் கையில் இரண்டு சோழி இருக்கிறது. ஒன்று, நீங்கள்தான் அனுப்பினீர்கள் என்கிற நெருப்பு. ஒன்று உங்கள் பிள்ளையின் வார்த்தை. வைத்தால் இரண்டையும்தான் வைப்பேன்."

அரசர் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இரண்டையும் வை."

மந்திரி வைத்தார். அப்பா ஆசைப்பட்டுக் கேட்கிறார் என்று சொன்ன குரல் அரசருக்குத் திரும்பி வந்தது. அவர் அழுத அழுகையைக் கேட்டு வாசலில் நின்ற காவலர்களும் அழுதார்களாம். கொஞ்சம் அடங்கியதும் தானே இறங்கிவந்து சடையனின் கட்டை அவிழ்த்தார்.

கோதண்டரின் பட்டுச் சால்வையை வாங்கிக்கொண்டு, ஆற்றுத்துறையில் சடையனுக்குக் கீழே துடுப்புப் போட அனுப்பினார்கள். பலகை அடுப்புக்குப் போனது. மந்திரிக்கு என்ன வேண்டும் என்று அரசர் கேட்டார். சடையனுக்கு ஒரு நல்ல ஓடம் கட்டிக்கொடுங்கள் என்றார் அவர்.

அரசருக்கு அப்புறமும் தூக்கம் வரவில்லை. ஆடி வந்தால் துறைக்குப் போய், நான்தான் அனுப்பினேன், எனக்காகத்தான் போனான் என்று, வருகிறவர் போகிறவரிடமெல்லாம் தன் வாயால் சொல்வாராம்.

நீங்கள் இதை யாரிடமாவது சொன்னால், பாவம் பெற்றவர்தானே என்று இரக்கப்பட்டு, அரசர்தான் அனுப்பினார் என்கிற இடத்தை மட்டும் விட்டுவிடாமல் சொல்லுங்கள்.