தணிநாட்களின் கணக்கு

உருக்கூரில் வருடம் சூரியனைப் பார்த்து முடிவதில்லை. ஊர் நடுவில் நிற்கும் பெரிய உலையைப் பார்த்து முடியும்.

ஆறு மாதங்கள். மாதத்துக்கு அறுபது நாள். எளிதில் உருகும் வெள்ளீயம் முதல் மாதம். பிறகு காரீயம், துத்தநாகம், வெள்ளி, செம்பு. லேசில் இளகாத இரும்பு கடைசி மாதம். அது முடிந்ததும் உலையை அவித்துவிடுவார்கள், வீட்டு அடுப்புகளையும்தான். உலை தானாகக் குளிரும்வரை உள்ள நாட்களைத் தணிநாட்கள் என்பார்கள். அவை எந்த மாதத்திலும் சேராது. கல்யாணம் கிடையாது, வழக்கு கிடையாது, சுடுசோறு கிடையாது. சில வருடம் நாலு நாள், சில வருடம் ஏழு.

உலை குளிர்ந்தது, இன்று புத்தாண்டு என்று சொல்பவர் நாட்காப்பாளர். சொன்னவரே முதலில் உலைவாய்க்குள் தவழ்ந்து போய், உள்சுவரின் வெடிப்புகளைக் களிமண்ணால் பூசிவிட்டு வர வேண்டும். அதன் பிறகுதான் நெருப்பு.

நாட்காப்பாளர் நல்லினிக்கு நாற்பது வயது. அவளிடம் மாணவராக இருந்த எயினனுக்கு ஐம்பத்தெட்டு. முப்பது வருடம் மணி வார்த்தவர். அதில் ஒரு காது போய்விட்டது. மணியை விட்டு நாளை எண்ண வந்துவிட்டார். ரகசியத்தையும் கூவித்தான் சொல்வார்.

அந்த வருடம் ஐந்து தணிநாட்கள் கழிந்த மறுநாள் காலை. எயினன் ஏட்டுக்கட்டை மார்போடு அணைத்துக்கொண்டு ஓடிவந்தார்.

"அம்மா, அகப்பட்டுவிட்டது."

"எது?"

"வருடம். நாற்பது வருடத்து ஏடுகளையும் ராவெல்லாம் கூட்டினேன். மொத்தம் இருநூற்றுப் பத்து தணிநாள். சராசரி பார்த்தால் மூன்று வருடம் ஐந்தைந்து, நாலாம் வருடம் ஆறு. முற்றத்தில் நட்ட கோலின் நிழலும் அதையேதான் சொல்கிறது. உலையும் சூரியனும் ஒரே தாளத்தில் போகின்றன, அம்மா."

நல்லினி ஏடுகளை வாங்கி இரண்டு முறை கூட்டினாள்.

"இருநூற்றுப் பத்தேதான். இத்தனை நாட்காப்பாளர்களில் ஒருவர் கண்ணிலும் இது படவில்லை, எயினரே."

"இது ஐந்து நாள் வருடம். ஐந்தும் நேற்றோடு முடிந்தது. இன்று புத்தாண்டு."

"யாரிடமாவது சொன்னீர்களா?"

"வீட்டில் வேண்மாளிடம் மட்டும். காதோடு காதாக."

வெளியே முரசு கொட்டத் தொடங்கியது.

தெரு நிரம்பிவிட்டது. கரிக்கூடைகளோடு கொல்லர்கள், அரிசிப் பானைகளோடு பெண்கள். கூரைமேல் ஏறிச் சிலர் தட்டுகளைத் தட்டினார்கள்.

"இனி உலையைத் தடவித் தடவிக் காத்துக் கிடக்க வேண்டாம், விரல் விட்டு எண்ணினால் போதும்," என்றான் ஒரு கொல்லன்.

"எல்லாம் பசி கொடுத்த அறிவு," என்றாள் எயினனின் மனைவி வேண்மாள். "ஐந்து நாளாக ஊறின அவல். இன்னும் ஒரு நாள் போனால் நட்சத்திரத்தையும் எண்ணியிருப்பார்."

ஊர் சிரித்தது. எயினனும் சிரித்தார். அவர் கால்கள் தரையில் பாவவில்லை.

உலையின் வெளிச்சுவரில் கை வைத்தார். "பாருங்கள் அம்மா, பச்சைத் தண்ணீர் மாதிரி இருக்கிறது."

நல்லினி ஒரு சாக்கை நீரில் நனைத்து அவர் தோளில் போர்த்தினாள். களிமண் சட்டியைக் கையில் கொடுத்தாள்.

"நானா?"

"நாளைச் சொன்னது நீங்கள்தானே."

முரசு வேகம் பிடித்தது. எயினன் மண்டியிட்டு உலைவாய்க்குள் தலையை நுழைத்தார். தோளும் உள்ளே போயிற்று. இருட்டு. எங்கும் சிவப்பு இல்லை. ஒரு பிடி களிமண்ணை எடுத்துப் பக்கச் சுவரில் அப்பினார். அது உஸ்ஸென்று வெளுத்து, பொடியாக உதிர்ந்தது. சாக்கிலிருந்து ஆவி கிளம்பியது. பாலத்துச் சங்கிலிக்காக இந்த வருடம் வழக்கத்தைவிட அதிகமாக, கடைசி நாள்வரை இரும்பு உருக்கியது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. இன்னும் ஒரு முழம் தவழ்ந்தார். மூச்சு உள்ளே இறங்கவில்லை.

பின்வாக்கில் வெளியே வந்தார். ஒரு புருவம் கருகியிருந்தது. முரசு நின்றது.

"இன்னும் தணியவில்லை," என்றார். அவர் இவ்வளவு மெதுவாகப் பேசி யாரும் கேட்டதில்லை. "ஊரே நிற்கிறதே, அம்மா."

நல்லினி ஏட்டுக்கட்டிலிருந்து ஒன்றை உருவினாள். "இருபத்திரண்டாம் வருடம். இதையும் கூட்டினீர்கள் அல்லவா?"

"கூட்டினேன். ஐந்து."

"கையெழுத்தைப் பார்த்தீர்களா?"

"எண்ணைத்தான் பார்த்தேன்."

இப்போது பார்த்தார். நாலாம் தணிநாளுக்குக் கீழே உருண்டையான எழுத்தில் 'இன்று புத்தாண்டு' என்றிருந்தது. அதன் கீழே, வேறொரு கையின் சின்ன எழுத்து: 'இல்லை. ஐந்தாம் தணிநாள்.'

"மேலே இருப்பது?"

"என் ஆசிரியர். எழுதிவிட்டு உள்ளே போனார்."

"கீழே?"

"அன்றிலிருந்து நான்தான் எழுதுகிறேன்."

வேண்மாள் இடுப்பிலிருந்த அரிசிப் பானையைக் கீழே இறக்கினாள். கணவரின் கருகிய புருவத்தை முந்தானையால் துடைத்தாள். "அவலுக்கு என்ன குறைச்சல்," என்று கூட்டத்தைப் பார்த்துச் சொன்னாள். கூட்டம் மெல்லக் கலைந்தது.

எயினன் அசையாமல் நின்றார்.

"அப்படியானால் என் கணக்கு பிழையா?"

"பிழையே இல்லை. சூரியனுக்கு இம்மியும் பிசகாது. ஏட்டில் உங்கள் பெயர் போட்டு எழுதிவைப்போம்."

"பிறகு ஏன் அதை வைத்துப் புத்தாண்டு சொல்லக் கூடாது, அம்மா?"

நல்லினி அவர் தோளிலிருந்த சாக்கை எடுத்தாள். அது காய்ந்து விறைத்துப் போயிருந்தது.

"சூரியனுக்குள் யாரும் களிமண் சட்டியோடு தவழ்ந்து போவதில்லை, எயினரே."