தேக்கு மரத்தில் விட்டுப்போன பெயர்

உன்னைத்தான் கேட்கிறேன்! காட்டு நடுவே நிற்கிற தேக்கு மரத்தில், கால்பந்துக் கோப்பை வென்ற கல்லூரியின் பெயரை வருடாவருடம் கொத்துவது வழக்கம். இந்த வருடத்துக்கு நேரே, "மழையால் ஆட்டம் கெட்டது" என்று கொத்தி வைத்திருக்கிறாய். எந்த ஆட்டம் கெட்டது? யார் சொன்னது உனக்கு? அன்றைக்கு நீ குளத்துக் கரைப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை! நடந்ததைச் சொல்கிறேன், காது இருந்தால் கேள்.

குளத்துக் கல்லூரிக்கு மைதானம் என்று தனியாக எதுவும் கிடையாது. கோடையில் குளம் வற்றும். பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும் அந்த மண்தான் மைதானம். கீரி அணித்தலைவன். ஆமை கோல்கீப்பர். முன்னால் நின்று கோல் அடிப்பது தவளை. காய்ந்த சுரைக்குடுக்கைதான் பந்து. காட்டில் எல்லாக் கல்லூரிக்கும் அதே பந்துதான்.

அணியின் மேலாளர் காகம். அது எந்தக் கல்லூரி வாசலையும் மிதித்ததில்லை. சந்தையில் கல்லடி பட்டுப் பட்டுப் பேரம் பேசக் கற்றது.

மலைக் கல்லூரி வேறு ரகம். பாய் விரித்தது போலப் புல்வெளி மைதானம். காற்றாய்ப் பறக்கும் புள்ளிமான் தலைவன். மேலாளர் நரி. போன வருடக் கோப்பையும் அவர்களுடையதுதான்.

பங்குனி மாதம் போட்டிக் கூட்டம் கூடியது. நடுவர் எருமை தலைமை தாங்கியது. நரி எழுந்தது.

"மைதானம் இல்லாத கல்லூரிக்குப் போட்டியில் என்ன வேலை? பெயரை அடித்துவிடுங்கள்!"

"இருக்கே மைதானம்! அதைத் தாண்டித்தானே நீ வந்தே?" என்றது கீரி.

"அது மைதானமா தம்பி? வற்றிப்போன குளம்!" என்று நரி சிரித்தது. "சரி, ஒரு வாய்ப்பு தருகிறேன். ஐப்பசியில் நடக்கிற இறுதி ஆட்டத்தை உங்கள் மைதானத்திலேயே வைப்போம். நடந்தால், அது மைதானம் என்று ஒத்துக்கொள்கிறேன். நடக்காவிட்டால் கோப்பை எங்களிடமே இருக்கும். உங்கள் பெயர் பட்டியலை விட்டே போகும்!"

ஐப்பசியில் குளம் நிரம்பும். அது நரிக்குத் தெரியும். கீரிக்கும் தெரியும். கீரியின் முகம் செத்துப்போனது.

காகம் முன்னால் தத்தி வந்தது. "அண்ணே, இறுதி ஆட்டத்தைப் புரட்டாசிக்கு மாத்துங்க!"

"முடியாது!"

"மழை வந்தா உங்க புல்வெளியில வைங்க!"

"கனவு காணாதே!"

"நாலே நாள் தள்ளி வைங்க!"

"ஒரு நாள்கூடத் தள்ளாது!"

காகம் தலையைத் தொங்கப் போட்டது. "எல்லாத்துக்கும் முடியாதுன்னா, எந்த முகத்தோட நாங்க ஊர் திரும்பறது? ஒரே ஒரு வரி சேருங்க. பந்து நகர்ற வரைக்கும் ஆட்டம் உண்டு. அவ்வளவுதான்."

மூன்றையும் மறுத்த மிதப்பில் இருந்தது நரி. "போட்டுக்கோ, போ!" என்றது. எருமை அந்த வரியை எழுதிக்கொண்டது.

வெளியே வந்ததும் கீரி பாய்ந்தது. "என்ன வேலை செஞ்சே நீ! தண்ணியில எவன் ஆடுறது?"

"நம்ம அணியில பாதிப் பேர் பிறந்தது எங்கேடா?" என்றது காகம். "சுரைக்குடுக்கையை என்னைக்காவது தண்ணியில போட்டுப் பார்த்தியா?"

குளத்து நடுவில் ஒரு குட்டை மிஞ்சியிருந்தது. கீரி குடுக்கையை அதில் போட்டது. குடுக்கை ஆடி அசைந்து மிதந்தது. கீரி அணியைக் கூப்பிட ஓடியது.

அன்றிலிருந்து காலையில் வெடித்த மண்ணில் பயிற்சி, மாலையில் குட்டையில் பயிற்சி. முதல் ஆட்டத்தில் ஆற்றங்கரைக் கல்லூரி நாலு கோல் போட்டது. ஆமை தலையை ஓட்டுக்குள் இழுத்தது. மூன்று நாள் வெளியே நீட்டவில்லை. இரண்டாவது ஆட்டமும் தோல்வி. மூன்றாவது சமன்.

அதற்குப் பிறகு நடந்தது இருக்கிறதே, அதைச் சொல்லும்போது எனக்கு நெஞ்சு நிமிர்கிறது! மேடும் பள்ளமுமான மண்ணில் பந்தைத் துரத்திய கால்களுக்கு, அடுத்தவர் மைதானம் அத்தனையும் பஞ்சு மெத்தையாகத் தெரிந்தது. வரிசையாக ஐந்து வெற்றி! அரையிறுதியில் ஆமை தன் ஓட்டால் தடுத்த வேகத்தில் பந்தே உடைந்தது. வேறு குடுக்கை கொண்டுவந்து ஆட்டத்தை முடித்தார்கள்.

இறுதி ஆட்டத்துக்கு வந்தது, சொல்லவே வேண்டாம், மலைக் கல்லூரி.

மூன்று நாள் விடாத மழை. நான்காம் நாள் காலையில் நரி சேம்பிலையைத் தலைக்குப் பிடித்துக்கொண்டு கரைக்கு வந்தது. தண்ணீர் மானுக்கு முழங்கால், கீரிக்குக் கழுத்து.

"மைதானம் எங்கே தம்பி?" என்றது நரி.

"காலை வை, தெரியும்!" என்றது கீரி.

எருமை பந்தைத் தண்ணீரில் வைத்தது. காற்று அடித்தது. பந்து தானாக நகர்ந்தது.

"ஆட்டம் உண்டு!" என்று அறிவித்து, எருமை விசிலோடு உள்ளே இறங்கியது. "இத்தனை வருஷத்துல இப்படி ஒரு சுகமான மைதானத்தை நான் பார்த்ததில்லை!"

நரியின் கையிலிருந்த சேம்பிலை நழுவியது.

மலைக் கல்லூரியின் குளம்புகள் சேற்றில் புதைந்தன. ஆனாலும் மான் லேசுப்பட்டதல்ல. ஒரே தாவில் சேற்றை உதறி எழுந்து முதல் கோலை அடித்தது. கரையில் காடே எழுந்து கத்தியது. நரிக்கு உயிர் வந்தது.

"பதறாதீங்கடா! குட்டையில செஞ்சதைச் செய்யுங்க!" என்று காகம் கிளையிலிருந்து தொண்டை கிழியக் கரைந்தது.

தவளை முங்கியது. எங்கே போனது என்று எல்லோரும் தேடும்போது பந்துக்கு அடியிலிருந்து எகிறி உதைத்தது. கோல்! ஒன்றுக்கு ஒன்று!

கடைசி நிமிடம். மான் பலமாக உதைத்தது. ஆமை ஓட்டைக் கொடுத்துத் தடுத்தது. ஓட்டில் பட்ட பந்து கீரியிடம் தெறித்தது. கீரி மூக்கால் தள்ளிக்கொண்டே நீந்தியது. குறுக்கே வந்தவர்களெல்லாம் சேற்றில் சிக்கி நின்றார்கள். கீரி திரும்பி வாலால் ஒரு வீச்சு வீசியது. கோல்! எருமை விசில் ஊதியது.

மான் சேற்றோடு வந்து கீரியின் முன் நின்றது. "ஏழு மாசமும் இதே வேலையா?"

"வேற இடம் எங்களுக்கு ஏது?"

"அப்ப கோப்பை உங்களுக்குத்தான்," என்றது மான். எருமை கோப்பையைக் கொடுத்தது. நரி சேம்பிலையைப் பொறுக்கிக்கொண்டு நடையைக் கட்டியது.

இத்தனையும் பட்டப்பகலில் நடந்தது. தோற்ற மான் ஒத்துக்கொண்டது. நிபந்தனை போட்ட நரியே அடங்கிப்போனது. ஆடாத, பார்க்காத உனக்கு மட்டும் என்ன வந்தது? உளியை எடு. அந்தப் பொய்யைச் செதுக்கி எறி. "குளத்துக் கல்லூரி" என்று கொத்து. அடுத்த மழையிலும் அழியாதபடி ஆழமாகக் கொத்து! அடுத்தவனிடம் இல்லாததைக் காட்டி அவனை வீழ்த்த நினைக்கிறவன், அந்த இல்லாமையிலேயே தினமும் பாடுபட்டுத் தேறியவனிடம் தோற்றுப்போவான் என்கிற நீதியையும் பெயருக்குக் கீழேயே கொத்திவிடு, இன்றைக்கே!