நாடு கடத்தப்பட்ட ஜல்லி

ரொம்ப காலத்துக்கு முன்னால், மழை பெய்தால் மாட்டுவண்டி அச்சு வரைக்கும் புதைந்துபோகும் கரிசல் சீமை ஒன்றைக் கண்டராயன் என்ற ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான். ஆனால் உடைந்த பொருள் எதுவும் அவன் கண்ணில் படக்கூடாது. விரிசல் விட்ட கிண்ணத்தைக் கண்டால்கூட அன்றைக்குச் சபை கலைந்துவிடும். கோயிலில் தேங்காயையே அவனுக்குத் தெரியாமல் திரைக்குப் பின்னால்தான் உடைப்பார்கள்.

அந்த ராஜாவுக்குத் தலைநகரிலிருந்து துறைமுகம் வரைக்கும் சாலை போட ஆசை வந்தது. பொறுப்பை அமைச்சர் உலகுடையாளிடம் கொடுத்தான். அவள் மலையடிவாரத்தில் கல் உடைக்கும் குடும்பங்களை வரவழைத்தாள். கோட்டைக்கு வெளியே விடிந்ததும் சம்மட்டிச் சத்தம் தொடங்கிவிடும். பாறை தலையளவாக உடையும், பிறகு கையளவாக, கடைசியில் நெல்லிக்காய் அளவாக. ஜல்லி மேடு மதிலைவிட உயர்ந்த நாளில் ராஜா உப்பரிகையிலிருந்து அதைப் பார்த்துவிட்டான்.

"என்ன அது?"

பக்கத்தில் சூரப்பர் நின்றிருந்தார். அரண்மனை அலங்காரமெல்லாம் அவர் பொறுப்பு. சாலை வேலை தனக்கு வராத எரிச்சல் அவருக்கு நெஞ்சு நிறைய இருந்தது.

"சொல்லவே வாய் கூசுகிறது மகாராஜா. உடைந்த கல்! தங்கள் தேர் போகும் வழியில் அமைச்சர் போடப்போவது அதைத்தான். நானாக இருந்தால் கண்ணாடி போல இழைத்த பலகைக் கல்லாகப் பதித்திருப்பேன்."

"கரிசல் மண்ணில் வெறும் பலகைக் கல்லைப் பதித்தால் முதல் மழையிலேயே சாய்ந்துவிடும், மகாராஜா" என்றாள் உலகுடையாள்.

ராஜா காதில் வாங்கவே இல்லை. "உடைந்த கல் ஒன்றுகூட என் நாட்டில் இருக்கக்கூடாது. உடைத்தவர்களே அதை வண்டியில் ஏற்றிக்கொண்டு இன்றைக்கே எல்லை தாண்டட்டும். அமைச்சரே, நீரே முன்னின்று நிறைவேற்றும்."

கல் உடைப்பவர்களுக்குத் தலைவி கருத்தாயி. உத்தரவைக் கேட்டதும் சம்மட்டியைக் கீழே போட்டாள். "எங்க தாயி போறது? அந்தப் பக்கம் எங்களுக்கு மலை ஏது, குடிசை ஏது? கைக்குழந்தைங்க இருக்கு. மழை வேற கருக்குது."

"மெதுவாகப் போங்கள். வழியில் அச்சாணியைக் கழற்றிக் கழற்றி மாட்டுங்கள். நான் வந்து சேர்கிறேன்" என்றாள் உலகுடையாள்.

அப்புறம் கடப்பாரைக்காரர்களைக் கூட்டிக்கொண்டு நேரே ராஜசபைக்குள் நுழைந்தாள்.

"கட்டளைப்படி உடைந்த கல்லைத் தேடிக்கொண்டே வருகிறோம், மகாராஜா. இங்கே நிறைய இருக்கிறது. கொஞ்சம் எழுந்திருக்க வேண்டும்."

"சிம்மாசனத்துக்கு அடியிலா?" சூரப்பர் சிரித்தார். "அமைச்சருக்கு வெயில் ஒத்துக்கொள்ளவில்லை போலிருக்கிறது."

"இல்லாவிட்டால்?" என்றான் ராஜா.

"இல்லாவிட்டால் நானும் அந்த வண்டியில் ஏறி எல்லை தாண்டிவிடுகிறேன்."

சிம்மாசனத்தை நகர்த்தினார்கள். பளபளக்கும் தரைக்கல்லைக் கடப்பாரையால் நெம்பித் தூக்கினார்கள். ராஜா எட்டிப் பார்த்தான். அடியில் சுண்ணாம்பில் ஊறிய பொடிக்கல். அதற்குக் கீழே நெல்லிக்காய் அளவு ஜல்லி. இன்னும் கீழே கையளவு, அதற்கும் கீழே தலையளவு. தீப்பந்தத்தைக் குழிக்குள் தாழ்த்திப் பிடித்தார்கள். வெளிச்சம் போன தூரமெல்லாம் உடைந்த கல். ராஜா குழிக்குள் இறங்கி ஒரு கல்லைப் பிடித்து இழுத்தான். அசையவில்லை. இரண்டு கையாலும் இழுத்தான். ஊஹூம்.

"இது ஏன் வரமாட்டேன் என்கிறது?"

"உருண்டைக் கல் உருளும், மகாராஜா. பலகைக் கல் ஒரு பக்கம் அமிழ்ந்தால் முழுக்கச் சாயும். உடைத்த கல்லுக்குத்தான் முனை உண்டு. ஒன்றை ஒன்று கடித்துப் பிடித்துக்கொள்ளும். மேலே பாரம் ஏற ஏற இறுகும்."

ராஜாவின் குரல் இறங்கிவிட்டது. "கோட்டை மதிலுக்கு அடியில்?"

"இதேதான்."

"கோபுரத்துக்கு?"

"இதேதான். ஏரி மதகுக்கு அடியிலும்."

ராஜா நிமிர்ந்து தூண்களைப் பார்த்தான். பிறந்ததிலிருந்து பார்க்கும் தூண்கள்தான். அத்தனையையும் தாங்கிக்கொண்டு, கண்ணில் படாமல், ஒரு மலையே நொறுங்கி இருட்டுக்குள் படுத்திருக்கிறது! அவன் கை தானாகக் குவிந்தது.

"எதிலிருந்து பெயர்க்கத் தொடங்கட்டும், மகாராஜா?"

"நிறுத்து! அந்த ஜனங்கள் எங்கே? குதிரையைக் கொண்டுவா! சூரப்பரே, நீரும் வாரும்."

அதற்குள் மழை கொட்டிவிட்டது. பாதி வழியில் குதிரைகள் சேற்றில் மாட்டிக்கொண்டன. ராஜா இறங்கி நடந்தான். ஒரு செருப்பு போனது, அப்புறம் இன்னொன்று. தூரத்தில் வண்டிகள் தெரிந்தன. கருத்தாயியின் ஆட்கள் சக்கரத்துக்கு அடியில் ஜல்லியைக் கொட்டி, குழந்தைகளோடு அதன்மேல் நின்றிருந்தார்கள்.

"அங்கேயே நில்லுங்க சாமி!" என்று கத்தினாள் கருத்தாயி. ராஜாவின் முன்னால் கூடை கூடையாகக் கொட்டினாள். அவன் வெறுங்காலோடு ஏறி நின்றான். கல் குத்தியது. நறநறவென்று ஒருமுறை இறுகியது. பிறகு அசையவே இல்லை.

"தாயி, திரும்பி வாருங்கள். இந்தச் சாலையை நீங்கள்தான் போட வேண்டும்" என்றான் ராஜா.

பின்னாலிருந்து ஒரு முனகல். சூரப்பர் இடுப்பு வரைக்கும் சேற்றில் இருந்தார். "எனக்கும் ரெண்டு கூடை..."

கருத்தாயி கூடையோடு தயங்கினாள். "உடைஞ்ச கல்லாச்சே ஐயா. உங்களுக்கு ஆகாதே?"

சூரப்பர் ராஜாவைப் பார்த்தார். ராஜா மழையை ரசித்துக்கொண்டிருந்தான்.

"ஆகும் தாயி, ஆகும்! நல்லா உடைஞ்சதாப் பார்த்துப் போடு!"