கசத்தானின் வால்

தேக்கங்காட்டில் கூரன் என்றொரு முள்ளம்பன்றி இருந்தான். படக்கதை வரைவது அவன் தொழில். பச்சைத் தேக்கிலை ஒன்றைப் பறித்து வருவான். நடு நரம்பு அதை இரண்டாகப் பிரித்திருக்கும். குறுக்கே ஒரு கோடு இழுத்தால் நான்கு கட்டம். உதிர்ந்த தன் முள்ளால் கீறுவான். கீறிய இடமெல்லாம் சிவப்பாகக் கசியும். மைக்கு எங்கும் அலைய வேண்டியதில்லை.

வாரத்துக்கு ஓர் இலை. முதலில் மான்குட்டிகள் பார்க்கும். பிறகு முயல்குட்டிகளுக்குப் போகும். கடைசியில் பன்றிக்குட்டிகளிடம் போகும். அவை பார்த்து முடித்ததும் தின்றுவிடும். அதனாலேயே மொட்டு என்ற குட்டி முயல், தனக்குப் பிடித்த இலைகளைப் படுக்கைப் புல்லுக்கு அடியில் ஒளித்துவைப்பான்.

அந்தக் காட்டில் தண்ணீர் இரண்டு இடத்தில் இருந்தது. ஒன்று குட்டை, குளம்பு நனையும் ஆழம். இன்னொன்று பாறைக்குக் கீழே கிடந்த மடு. ஆழம் அதிகம் என்பதால் அதைக் கசம் என்பார்கள். ஐப்பசி மழையில் அது நிரம்பிக் கிடந்தபோது, ஒரு பன்றிக்குட்டி விளையாடப் போய்த் திரும்பவில்லை.

மறுநாள் மருதி என்ற புள்ளிமான் கூரனைத் தேடி வந்தாள். அவள் மகள் செம்பிக்கு அப்போதுதான் கால் நிலைத்துத் துள்ளத் தெரிந்திருந்தது.

"அண்ணே, ஆழம்னு சொன்னா இதுங்க கேக்க மாட்டேங்குது. கசத்துக்குள்ள என்னமோ இருக்குன்னு ஒரு கதை போட்டுக் குடுங்க. பயந்துக்கிட்டு கிட்ட போகாம இருக்கும்."

"பொய் சொல்லச் சொல்றியா?"

"பிள்ளை உயிரோட இருக்கணும்ண்ணே. பொய்யா இருந்தா என்ன?"

கூரன் யோசித்தான். செத்துப்போன பன்றிக்குட்டியை அவனுக்கும் தெரியும். அவன் இலைகளை அதிகம் தின்றது அதுதான். பெருமூச்சு விட்டுக்கொண்டு வரைய உட்கார்ந்தான்.

முதல் கட்டத்தில் ஒரு குட்டி கசத்துக்கு வந்தது. இரண்டாவதில் தண்ணீர் குடிக்கக் குனிந்தது. மூன்றாவதில் தண்ணீருக்கு மேல் இரண்டு கண்கள் தெரிந்தன. நான்காவதில் ஒரு கை. உடம்பைக் காணோம், அது தண்ணீருக்குள் இருந்தது. கீழே ஒரு வரியும் எழுதினான்: "கசத்தான் பெரியவர்களைத் தொட மாட்டான். குட்டிகளைத்தான் எடுப்பான்."

கதை காடு முழுக்க ஒரு சுற்று போய் வந்தது. அதன் பிறகு ஒரு குட்டிகூடக் கசத்தின் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. தாய்மார்கள் கூரனைக் கையெடுத்துக் கும்பிட்டார்கள்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். கூரனும் நிறுத்தத்தான் நினைத்தான். ஆனால் அடுத்த வாரம் கசத்தான் இல்லாத இலையைக் குட்டிகள் திரும்பிக்கூடப் பார்க்காமல் பன்றிகளிடம் தள்ளிவிட்டன. வரைகிறவனுக்கு அதைவிடப் பெரிய அடி கிடையாது. ஆகவே கசத்தான் மறுபடி வந்தான். மூன்றாம் இலையில் யானை அவனை மிதித்துக் கொன்றது. நான்காம் இலையின் முதல் கட்டத்திலேயே கண்ணைத் திறந்தான். ஐந்தாம் இலையில் முதலை அவன் காலைக் கவ்வியது. ஆறாம் இலையில் அவன் நொண்டுவதாகக் கீழே எழுதியிருந்தது. எந்த இலையிலும் உடம்பைத் தண்ணீர் மறைத்தே இருந்தது. குட்டிகள் நடுங்கிக்கொண்டே அடுத்தது எப்போது என்று கேட்டன.

தாய்மார்களும் சும்மா இருக்கவில்லை. தழை தின்ன மறுத்தால், "கசத்தானைக் கூப்பிடவா?" தூங்க மறுத்தால், "கசத்தானைக் கூப்பிடவா?" வேலை சுலபமாக முடிந்தது. இப்படியே ஒரு வருடம் ஓடியது.

அடுத்த ஐப்பசியில் மழை பெய்யவில்லை. கார்த்திகையும் ஏமாற்றியது. மாசியில் தேக்கிலைகள் எல்லாம் உதிர்ந்தன. பங்குனியில் குட்டை வற்றி வெடித்தது. காட்டில் மிஞ்சியது கசம் மட்டும்தான். அதுவும் வற்றி, சுற்றிலும் அகலமாகச் சேறு விட்டு, ஓரத்தில் முழங்கால் ஆழத்துக்கு வந்திருந்தது. பெரியவர்கள் போய்க் குடித்தார்கள். குட்டிகள் போகவில்லை.

மருதி செம்பியின் கண்முன்னே குடித்துக் காட்டினாள். "பாத்தியா? அம்மாவை ஒண்ணும் பண்ணல."

"உன்னைப் பண்ண மாட்டான். நீ பெரியவ."

வாயில் தண்ணீரை அடக்கிக்கொண்டு வந்து செம்பியின் உதட்டில் விட்டுப் பார்த்தாள். செம்பி துப்பிவிட்டாள். "அது அவனோட தண்ணி. குடிச்சா அவனுக்குத் தெரிஞ்சிடும்." மருதியின் மடியில் பாலும் வற்றிப் போயிருந்தது.

எல்லாத் தாய்க்கும் இதே கதைதான். கூரனுக்குச் செய்தி போனது. அவன் வளையை விட்டு வெளியே வரவில்லை. இரண்டு நாள் உள்ளேயே கிடந்தான். குட்டிகள்தானே, தாகம் முற்றினால் தானாகப் போய்க் குடிக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான்.

மூன்றாம் நாள் காலையில் தும்பை வந்தாள். மொட்டுவின் தாய் அவள். வாயில் கவ்வி வந்த காய்ந்த இலையொன்றை வளை வாசலில் வைத்தாள். இரண்டு கண்களும் ஒரு கையும் அதில் மங்காமல் இருந்தன.

"மொட்டு படுக்கைக்கு அடியில இருந்துச்சுண்ணே. இனிமே அவனுக்கு இது வேணாம்."

அவள் திட்டவில்லை. அழக்கூட இல்லை. வந்த வழியே போய்விட்டாள். திட்டியிருந்தால் கூரனுக்குக் கொஞ்சம் தேவலையாக இருந்திருக்கும். தான் வரைந்ததிலேயே நல்ல படம் என்று அவன் பெருமைப்பட்ட இலை அது. அதை எடுத்து வளைக்குள் வைத்தான். தன் மேலேயே அவனுக்கு வெறுப்பு வந்தது. எழுந்து கசத்துக்கு ஓடினான்.

தண்ணீரிலிருந்து இருபதடி தள்ளி, பாறை நிழலில் செம்பி படுத்திருந்தாள். கண் குழிவிழுந்து கிடந்தது. பக்கத்தில் மருதி நின்றாள்.

"செம்பி, கசத்தான்னு யாரும் இல்லம்மா. நான்தான் வரைஞ்சேன்."

"நீங்க வரைஞ்சதுனாலதான் எங்களுக்குத் தெரிஞ்சுது, மாமா. இல்லேன்னா தெரியாமப் போய் மாட்டியிருப்போம்."

கூரன் சுற்றிலும் பார்த்தான். கசத்தின் ஓரத்து ஈரத்தில் ஒரு தேக்கங்கன்று மட்டும் ஒற்றை இலையோடு நின்றது. அதைப் பறித்து அவசரமாக வரைந்தான். நான்காவது கட்டத்தில் கசத்தான் கண்ணை மூடியிருந்தான்.

"பாரு, செத்துட்டான்."

செம்பி பார்த்தாள். "யானை மிதிச்சப்பவும் செத்தான். அடுத்த வாரம் கண்ணைத் திறந்துட்டான்."

செம்பி இலையை மூக்கால் தள்ளினாள்.

"உடம்பு எங்க மாமா? கண்ணு மட்டும்தானே இருக்கு. உடம்பைக் காட்டாம செத்துட்டான்னா எப்படி நம்புறது?"

மருதி கூரனின் காதருகே வந்தாள். "ஏதாவது பண்ணுங்கண்ணே. இவ இன்னிக்குப் பொழுதைத் தாண்ட மாட்டா. நான்தான் உங்ககிட்ட வந்து கேட்டேன். என் வாயாலதான் கேட்டேன்."

கூரன் செம்பியின் முன்னால் உட்கார்ந்தான். இதுவரை யாரிடமும் சொல்லாத ஒன்றைச் சொன்னான்.

"அவன் உடம்பு எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதும்மா."

"தெரியாதா?"

"சத்தியமா தெரியாது. கண்ணு ரெண்டு, கை ஒண்ணு. அதுக்கு மேல எனக்கு வரையத் தோணல. தண்ணியை வரைஞ்சு மறைச்சுட்டேன்."

செம்பி மெல்லத் தலையைத் தூக்கினாள். "எனக்குத் தெரியும். தூங்குறப்ப தினமும் பாக்குறேன்."

"சொல்லு, வரையறேன்."

"நீங்க தப்பாப் போடுவீங்க."

கூரன் தன் முதுகிலிருந்து ஒரு முள்ளைப் பிடுங்கினான். வலித்தது. அதை அவள் முன்னால் வைத்தான். "அப்ப நீயே போடு. இலை இனி இல்ல. சேறு இருக்கு."

செம்பி எழுந்தாள். கால்கள் ஆடின. முள்ளை வாயில் கவ்விக்கொண்டு, பாறையடியில் சேறு தொடங்கும் இடத்தில் தலையை வரைந்தாள். கண் இரண்டு. வாய். வாய்க்குள் வரிசையாகப் பல். பிறகு கழுத்து. பிறகு முதுகில் ஒரு திமில். கோடு நெளிந்தது, ஆனால் அவள் எங்கும் தயங்கவில்லை. கால்களை ஒவ்வொன்றாகப் போட்டாள். கூரன் எண்ணினான்.

"பதினொண்ணா?"

"பன்னண்டு. ஒண்ணை முதலை தின்னுடுச்சே." சொல்லிவிட்டு மறுபடி முள்ளைக் கவ்வினாள். "இன்னும் வால் இருக்கு."

வால் பின்பக்கம் நீண்டது. வரைவதற்காக அவளும் பின்பக்கமாக அடி வைத்தாள். தலை குனிந்திருந்தது. கண் கோட்டின் மேலேயே இருந்தது. அவளுக்குப் பின்னால் இரண்டடியில் தண்ணீர் கிடந்ததைக் கூரன் அப்போதுதான் கவனித்தான்.

செம்பி நின்றாள்.

"அவ்வளவுதானா?" என்றான் கூரன். "நான் இன்னும் நீளமா இருக்கும்னு நெனச்சேன்."

செம்பிக்குக் கோபம் வந்தது. மறுபடி குனிந்து வாலை இழுத்தாள். ஓரடி. இன்னும் ஓரடி. பின்னங்கால் குளம்பு தண்ணீரில் நனைந்தது. மருதி வாயைத் திறந்தாள். கூரன் அவளைப் பார்த்தான். அவள் மூச்சை அடக்கிக்கொண்டாள். இன்னும் ஓரடி. முன்னங்காலும் தண்ணீருக்குள் வந்தது. முள்ளின் நுனி தண்ணீரைத் தொட்டதும் கோடு அழிந்தது.

செம்பி நிமிர்ந்தாள். தான் எங்கே நிற்கிறாள் என்பது அவளுக்குப் புரிந்தது. வாயிலிருந்த முள் நழுவி மிதந்தது. ஓடவும் பலமில்லை.

கரையைப் பார்த்தாள். சேற்றில் கசத்தான் கிடந்தான். தலை, பல், திமில், பதினொரு கால், நீண்ட வால். ஒன்றும் குறையாமல் கிடந்தான்.

"அவன் அங்க இருக்கான்," என்றாள் செம்பி.

"ஆமாம்மா," என்றான் கூரன்.

"முழுசா அங்க இருக்கான்." அவன் தலையிலிருந்து வால்வரை பார்த்தாள். "அப்ப தண்ணிக்குள்ள யாரும் இல்ல."

வாயிலிருந்த முள் நழுவி மிதந்தது. அவள் குனிந்து குடித்தாள். மருதி ஓடிப்போய் அவள் கழுத்தை நக்கினாள். புதருக்குள்ளிருந்து மற்றக் குட்டிகள் ஒவ்வொன்றாக எழுந்து வந்தன. சேற்றில் கிடந்தவனை மிதிக்காமல் சுற்றிக்கொண்டு, வரிசையாகத் தண்ணீரில் இறங்கின.

தும்பை தூரத்தில் நின்று பார்த்தாள். எல்லாக் குட்டியும் குடித்தன. ஒரு நாள் முந்தி இது நடந்திருந்தால் அவள் குட்டியும் குடித்திருக்கும். கூரனால் அவள் பக்கம் திரும்ப முடியவில்லை.

ஆனியில் மழை பிடித்துக்கொண்டது. சேற்றில் கிடந்தவன் கரைந்து போனான். கசம் மறுபடி நிரம்பியது. குட்டிகள் இப்போது பயமில்லாமல் கரையில் துள்ளின. பன்றியம்மா கூரனிடம் ஓடி வந்தாள். அவள் ஏற்கெனவே ஒன்றைப் பறிகொடுத்தவள்.

"அண்ணே, புதுசா வேற ஏதாவது போடுங்க. இதைவிடப் பயங்கரமா."

கூரன் இலை பறிக்கவில்லை. காட்டிலேயே நீளமான மூங்கில் ஒன்றை இழுத்துக்கொண்டு கசத்துக்குப் போனான். குட்டிகளையெல்லாம் கரைப் பாறையில் உட்காரவைத்தான். மூங்கிலைத் தண்ணீருக்குள் செங்குத்தாக அமுக்கி இறக்கினான். அது இறங்கிக்கொண்டே போனது. நுனியும் மறைந்தது. அடி இன்னும் தட்டவில்லை.

"உங்க கால் இவ்வளவுதான்," என்று செம்பியின் காலைக் காட்டினான். "ரெண்டு வருஷத்துக்கு முந்தி பன்றிக்குட்டி விழுந்தது இங்கதான். அதை யாரும் எடுக்கல. தண்ணி ஆழம், அவ்வளவுதான். ஓரத்துல நின்னு குடிங்க. அம்மா இல்லாம இறங்காதீங்க."

குட்டிகள் தங்கள் கால்களைப் பார்த்துக்கொண்டன. பிறகு மூங்கில் மேலே மிதந்து வரும்வரை தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தன. அந்த வருடம் கசத்தில் யாரும் இறங்கவில்லை. கூரன் படக்கதை வரைவதை விடவில்லை. ஆனால் ஒவ்வொரு இலையைக் கீறுவதற்கு முன்னும் வளைக்குள் வைத்திருந்த அந்தக் காய்ந்த இலையை ஒரு தரம் எடுத்துப் பார்த்துக்கொள்வான்.

பிள்ளைகளுக்கு ஆபத்தை உள்ளபடி காட்டுங்கள். அவர்களை அடக்க நாம் படைக்கும் பூதம், நாம் போகச் சொல்லும்போது போகாது.